நகர்ந்துகொண்டே இருந்த துறைமுகம்

மன்னார் வளைகுடாவில் முத்துச்சிப்பி விளையும் பாறைத் திட்டுகளைத் தூத்துக்குடிக் கடலோடிகள் 'பார்' என்பார்கள். கரையிலிருந்து சுமார் 12 முதல் 20 கி.மீ. தொலைவில், 12 முதல் 25 மீட்டர் ஆழத்தில் அவை கிடக்கின்றன. இரண்டாயிரம் ஆண்டுகளாகக் குளியாட்கள் மூழ்கியது ஏறக்குறைய இதே பார்களில்தான். ஆனால் அவர்கள் சிப்பியோடு கரையேறிய துறை மட்டும் ஓரிடத்தில் நிலைக்கவில்லை. கொற்கையில் இருந்தது, பிறகு காயலுக்குப் போனது, அங்கிருந்து புன்னைக்காயலுக்கு, கடைசியில் தூத்துக்குடிக்கு. தாமிரபரணி கொண்டுவந்து கொட்டிய வண்டல் பாதிக் காரணம். யார் கையில் கடல் இருந்தது என்பது மீதிக் காரணம்.

இந்த நான்கு ஊர்களையும் ஒரே பகலில் சைக்கிளில் பார்த்துவிடலாம். தூத்துக்குடியில் கிளம்பி, கொற்கைக்கும் புன்னைக்காயலுக்கும் கிளைச்சாலைகளில் போய்த் திரும்பி, காயல்பட்டினம் வழியாகத் திருச்செந்தூரில் முடித்தால் மொத்தம் 60 கி.மீ. சொச்சம். ஊர்க்காரர் ஒருவர் முன்னால் மிதிக்க, ஏழெட்டுப் பேர் பின்தொடரும் சிறு குழுவுக்கு அளவான தூரம். காரில் வருபவர் திருச்செந்தூர் சாலையில் ஒரு மணி நேரத்தில் எல்லாவற்றையும் தாண்டிவிடுவார். உப்பளம் முடிந்து வாழைத்தோட்டம் தொடங்கும் இடம், ஈரக்காற்றில் மண்வாசம் மாறும் இடம், நிலம் மெல்லத் தாழ்ந்து பழைய கழிமுகமாக விரியும் இடம் எதுவும் அவருக்குத் தெரியாது. இந்தக் கரையின் வரலாறோ அந்த மாற்றங்களில்தான் எழுதப்பட்டிருக்கிறது.

காற்றையும் பார்த்துக்கொள்ள வேண்டும். ஆனி, ஆடியில் கச்சான் காற்று மேற்கிலிருந்து புழுதியை வாரியடிக்கும். சைக்கிளை நேராக ஓட்டவே சிரமம். வாடை வீசும் மாதங்களில் தெற்கே போகிறவருக்கு முதுகுக்குப் பின்னால் காற்று. இரண்டுக்கும் நடுவே கடல் அமைதியாகும் மார்ச், ஏப்ரலில்தான் அந்தக் காலத்தில் முத்துக்குளிப்பு நடக்கும்.

பயணத்தைத் தூத்துக்குடியின் பனிமய மாதா ஆலயத்திலிருந்து தொடங்குவது பொருத்தம். 16ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் முத்துக்குளிக்கும் உரிமைக்காக, இந்தக் கரையின் மீனவச் சமூகமான பரதவர்களுக்கும் முஸ்லிம் வணிகர்களுக்கும் கடும் பூசல் மூண்டது. 1530களில் பரதவர் தலைவர்கள் கொச்சிக்குப் போய்ப் போர்த்துக்கீசியரிடம் உதவி கேட்டார்கள். ஜோவான் டா குரூஸ் என்ற குதிரை வணிகர் நடுவில் நின்று பேசினார். போர்த்துக்கீசியக் கப்பற்படை வந்தது. கூடவே 1536, 1537 ஆண்டுகளில் கரையோரப் பரதவர் ஊர்கள் ஏறக்குறைய மொத்தமாகத் திருமுழுக்குப் பெற்றன. 1542இல் பிரான்சிஸ் சவேரியார் இந்தக் கரைக்கு வந்தபோது, பெயரளவில் கிறிஸ்தவர்களாகிவிட்ட மக்களுக்குச் செபங்களைத் தமிழில் சொல்லிக்கொடுப்பதே அவருடைய முதல் வேலையாக இருந்தது.

1658இல் டச்சுக்காரர்கள் தூத்துக்குடியைப் பிடித்தார்கள். தங்கள் சீர்திருத்த சமயத்துக்குப் பரதவர்களை இழுக்கப் பார்த்தார்கள், நடக்கவில்லை. முத்து வருமானம் கைமாறியது, வழிபாடு மாறவில்லை. சாதித்தலைவர் என்றும் பாண்டியபதி என்றும் அழைக்கப்பட்ட பரதவர் தலைவருக்கு, எந்தக் கொடி பறந்தாலும் முத்துக்குளிப்பில் தனி உரிமை இருந்தது. அந்தப் பரம்பரையின் செல்வாக்குக்குச் சாட்சியாக 1806இல் முதன்முதலாக ஓடிய மாதாவின் தங்கத்தேர் இன்றும் இருக்கிறது. ஊர் முழுமையாக ஆங்கிலேயர் கைக்கு வந்தது 1825இல்.

முத்தையாபுரம், ஸ்பிக் நகர் தாண்டியதும் இருபுறமும் உப்பளங்கள். வெயில் ஏறினால் வெள்ளைப் பாத்திகளிலிருந்து கண் கூசும் என்பதால் தொழிலாளர்கள் விடியுமுன்பே வேலைக்கு இறங்குகிறார்கள். தமிழ்நாட்டில் அதிக உப்பு விளைவது இந்த மாவட்டத்தில்தான். குனிந்து வாரும் பெண்களின் கால்களில் உப்பு அரித்த புண்களை வழிகாட்டி சுட்டிக்காட்டத் தேவையில்லை. சைக்கிளில் போகிறவருக்கு அது தானே தெரியும்.

பழையகாயல் இன்று அமைதியான ஊர். பக்கத்தில் அணு உலைகளுக்கான சிர்க்கோனியம் தயாரிக்கும் மத்திய அரசின் ஆலை இருக்கிறது. இந்தப் பகுதியில்தான், 13ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில், வெனிஸ் நகரத்து மார்கோ போலோ கண்ட காயல் துறைமுகம் இருந்தது. ஹோர்முசிலிருந்தும் கிஷ் தீவிலிருந்தும் ஏடனிலிருந்தும் குதிரைகளை ஏற்றிக்கொண்டு வந்த கப்பல்கள் எல்லாம் தொட்ட இடம் இது என்று அவர் எழுதினார். பாண்டியர்கள் குதிரைகளுக்குக் கொட்டிக்கொடுத்த பணத்தில் முத்தின் பங்கு பெரிது. பிறகு சீனத்துச் செங் ஹே கப்பற்படையும் காயலைத் தொட்டது. 1870களில் இங்கே ஆராய்ந்த பிஷப் கால்டுவெல், தரையில் சிதறிக் கிடந்த சீனப் பீங்கான் சில்லுகளைப் பொறுக்கி எடுத்தார். காயல்பட்டினம்தான் அந்தத் துறை என்று வாதிடுபவர்களும் உண்டு. கழிமுகத்தை ஒட்டி நீளமாகப் பரந்து கிடந்த வணிகக் குடியிருப்புகளுக்குப் பொதுப்பெயராகக் காயல் வழங்கியிருக்க வேண்டும் என்று கொண்டால் இரண்டு கட்சியும் பொருந்திப்போகும்.

மார்கோ போலோவின் குறிப்பில் இன்னொரு செய்தி இருக்கிறது. கிடைக்கும் முத்தில் பத்தில் ஒரு பங்கு அரசனுக்கு. இருபதில் ஒரு பங்கு, சுறா தீண்டாமல் மந்திரம் ஓதுகிறவர்களுக்கு. பிற்காலத்தில் இவர்களுக்குக் 'கடல்கட்டி' என்று பெயர். 19ஆம் நூற்றாண்டில் மன்னார் வளைகுடாவில் முத்துக்குளிப்பு நடத்திய ஆங்கில அதிகாரிகள் அந்த மந்திரத்தை நம்பவில்லை, ஆனாலும் கடல்கட்டிக்குக் கூலி கொடுத்தார்கள். அவர் கரையில் நிற்காவிட்டால் குளியாட்கள் தோணியை விட்டு இறங்க மாட்டார்கள். அரசின் வருமானம் அந்த மந்திரம் தந்த துணிவில் தொங்கியது.

குளிப்பு நடந்த விதத்தைச் சென்னை அருங்காட்சியகத்தின் எட்கர் தர்ஸ்டன் 1890இல் வெளியான குறிப்புகளில் விரிவாகப் பதிந்திருக்கிறார். நள்ளிரவில் கரைக்காற்று எழும்போது தோணிகள் புறப்படும். பொழுது புலரும்போது பாரின் மேல் நிற்கும். ஒரு கல்லுக்கு இரண்டு குளியாட்கள். ஒருவர் மூழ்க, மற்றவர் இளைப்பாறுவார். கயிற்றில் கட்டிய கனத்த கல்லில் கால் வைத்ததும் அது அவரை நேராக அடிக்குக் கொண்டுபோகும். கல்லை மேலே இழுத்துக்கொள்வார்கள். ஏறக்குறைய ஒரு நிமிடத்துக்குள் கைக்கு எட்டிய சிப்பிகளை வலைப்பையில் வாரிப் போட்டு அவர் கயிற்றை அசைக்க வேண்டும். மேலே கயிற்றைப் பிடித்திருப்பவர் அந்த அசைவைத் தவறவிட்டால் கீழே இருப்பவர் உயிர் போய்விடும். அதனால் கயிறு பிடிக்க நம்பிக்கையான சொந்தக்காரரையே குளியாட்கள் விரும்பினார்கள். பிற்பகல் கடற்காற்றில் பாய் விரித்துத் தோணிகள் திரும்பும். கரையில் ஓலைத்தட்டி கட்டிய அடைப்பில் சிப்பிகளை மூன்று கூறாகப் பிரிப்பார்கள். இரண்டு கூறு அரசுக்கு, ஒரு கூறு மூழ்கியவர்களுக்கு. அரசின் கூறு ஆயிரம் ஆயிரமாக ஏலம் போகும். வாங்கியவர் சிப்பிகளைக் குவித்து அழுகவிட்டு, கழுவி, முத்து தேடுவார். அந்த நாற்றத்தோடு காலராவும் வந்து குளிப்பைப் பாதியில் நிறுத்திய ஆண்டுகள் உண்டு.

மார்கோ போலோ காலத்தில் அரசனுக்குப் பத்தில் ஒன்று. பிறகு மூன்றில் இரண்டு. இந்தக் கரையின் ஆட்சி வரலாற்றைச் சுருக்கிச் சொல்ல இந்தக் கணக்கே போதும்.

முக்காணியில் பிரதான சாலையை விட்டு மேற்கே திரும்பினால் வாழையும் நெல்லும் சூழ்ந்த குறுகிய சாலை கொற்கைக்குப் போகிறது. குளக்கரையில் வெற்றிவேல் அம்மன் கோயில், ஒரு பழைய வன்னி மரம், சில தெருக்கள். கடல் இன்று கிழக்கே 6 கி.மீ.க்கு அப்பால் இருக்கிறது. பாண்டிய இளவரசர்கள் தங்கி ஆண்ட துறைமுகம் இதுதான் என்று நம்ப முதலில் மனம் ஒப்பாது.

நம்ப வைப்பது மண்தான். கால்டுவெல் இங்கே தோண்டியபோது நிலத்தடியில் கடற்சிப்பிகள் வந்தன. தமிழ்நாடு தொல்லியல் துறை 1968-69இல் அகழாய்வு செய்தது. கிடைத்த கரித்துண்டின் காலம் கி.மு. 785 என்று கணிக்கப்பட்டது. பக்கத்திலேயே அக்காசாலை என்ற சிற்றூர், நாணயம் அடித்த அக்கசாலையின் பெயரைத் தாங்கி நிற்கிறது. மீன்வள ஆய்வாளர் ஜேம்ஸ் ஹார்னெல், கொற்கையிலும் காயலிலும் அறுத்த சங்கு வளையல் துண்டுகளைக் கண்டெடுத்தார். சங்கை மூழ்கி எடுத்ததோடு நிற்காமல் இங்கேயே அறுத்து வளையலாக்கியிருக்கிறார்கள். பிற்காலத்தில் அந்தத் தொழில் கைவிட்டுப்போய், சங்கு மொத்தமாக வங்காளத்துக்கு ஏற்றுமதியாகும் சரக்காக மட்டும் ஆனது.

கி.பி. முதல் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதப்பட்ட பெரிப்ளூஸ் என்ற கடல்வழிக் கையேடு கொற்கையைக் கொல்கி என்கிறது. பாண்டிய நாட்டு முத்துக்குளிப்பில் தண்டனைக் கைதிகளை மூழ்க வைத்தார்கள் என்றும் சொல்கிறது. சங்கப் பாடல்களில் ஒளிரும் கொற்கை முத்துக்குப் பின்னால் இந்த ஒரு வரிச் செய்தியும் இருக்கிறது. முத்தின் பெருமை பேசுபவர்கள் இதை விட்டுவிடுவது நியாயமில்லை. சிலப்பதிகாரத்தில் மதுரை அரசியின் சிலம்பில் இருந்தவை முத்துப் பரல்கள்; வழக்கே அதில்தான் தீர்ந்தது. நெடுஞ்செழியன் மாண்ட பிறகு, கொற்கையில் இருந்த வெற்றிவேற்செழியன் மதுரைக்குப் போய் அரியணை ஏறினான் என்கிறது காப்பியம். குளக்கரையில் இருப்பது கண்ணகி கோயில்தான் என்று ஊரார் சொல்வதை அந்த நினைவோடு சேர்த்துக் கேட்க வேண்டும்.

மறுபடி முக்காணிக்கு வந்து ஆற்றுப்பாலம் தாண்டினால் ஆத்தூர். கொடிக்கால் நிழலில் சற்று ஓய்வெடுக்கலாம். புவிசார் குறியீடு பெற்ற வெற்றிலை இந்த ஊருடையது. அங்கிருந்து ஆற்றோடு கிழக்கே போகும் சாலை புன்னைக்காயலில் முடிகிறது. தாமிரபரணியும் அங்கேதான் முடிகிறது.

காயல் தூர்ந்த பிறகு எழுந்த துறை இது. போர்த்துக்கீசியர் தங்கள் தலைமையிடத்தை முதலில் இங்கேதான் வைத்தார்கள். இயேசு சபைத் துறவி என்றிக்கே என்றீக்கசு இந்தக் கரையில் அரை நூற்றாண்டுக்கு மேல் வாழ்ந்தார். மீனவர்களோடு பேசித் தமிழ் கற்றார். தமிழுக்குப் போர்த்துக்கீசிய மொழியில் இலக்கணக் குறிப்பு எழுதினார். 1578 அக்டோபர் 20இல் கொல்லத்தில் அச்சான அவருடைய 'தம்பிரான் வணக்கம்', இந்திய மண்ணில் இந்திய மொழி எழுத்தில் அச்சான முதல் நூல். 16 பக்கங்கள். அச்சு வேலைக்குப் பரதவர்கள் தங்கள் கையிலிருந்து காணிக்கை கொடுத்தார்கள். குளியாளின் மூன்றில் ஒரு பங்கு போலவே இதுவும் மூச்சடக்கிச் சம்பாதித்த காசுதான். தமிழ் அச்சின் வரலாற்றை எழுதுபவர்கள் துறவியின் பெயரோடு இந்தக் கொடையையும் சேர்த்தே எழுத வேண்டும். என்றீக்கசு 1600இல் புன்னைக்காயலில் இறந்தார்.

காயல்பட்டினத்தை மாலைக்குள் எட்டிவிடலாம். பழைய பள்ளிவாசல்களும், அரபுத்தமிழில் எழுதிய அறிஞர்களின் அடக்கத்தலங்களும், கொழும்பிலும் ஹாங்காங்கிலும் கல் வியாபாரம் செய்யும் குடும்பங்களின் வீடுகளும் நிறைந்த ஊர். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் 24 மணி நேரத்தில் சுமார் 95 செ.மீ. மழை கொட்டியது இங்கேதான். தாமிரபரணி கரை மீறி, ஏரல், ஆத்தூர், புன்னைக்காயல் பக்கமெல்லாம் வெள்ளக்காடானது. ஆறு தன் முகத்துவாரத்தை மாற்றியமைக்கும் வேலையை இன்னும் நிறுத்தவில்லை என்பதை இந்த ஊர்க்காரர்கள் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை.

கடைசியாகத் துறைமுகம் வந்து சேர்ந்த தூத்துக்குடியும் ஆழமில்லாத துறைதான். பெரிய கப்பல்கள் கரையிலிருந்து பல கி.மீ. தள்ளி நங்கூரமிட, தோணிகள்தான் சரக்கை ஏற்றி இறக்கின. 1974இல் கடலுக்குள் நீளமான அலைத்தடுப்புக் கற்சுவர்களைப் போட்டுப் புதிய துறைமுகம் கட்டப்பட்டது. அதுவரை கடலைத் துரத்திக்கொண்டு கரையோரமாகவே நகர்ந்த துறைமுகம், அப்போதுதான் கடலுக்குள்ளேயே இறங்கியது. அதற்குள் முத்துக்குளிப்பு நின்றுபோயிருந்தது. 1955 முதல் 1961 வரை நடந்த குளிப்புகளே கடைசி. பிறகு பார்களில் சிப்பி போதிய அளவு விளையவில்லை. 1973இல் தூத்துக்குடி மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தில் அழகர்சாமியும் அவருடைய குழுவும் சிப்பிக்குள் கருவை வைத்து முத்து விளைவித்தார்கள். கடலில் மூழ்குகிறவர்களுக்கு மிஞ்சியது சங்கு மட்டும்.

1961இல் இருபது வயதில் மூழ்கியவர் இன்று எண்பதைத் தாண்டியிருப்பார். ஒவ்வொரு பாரின் பெயரும், கரை அடையாளம் வைத்து அதைக் கண்டுபிடிக்கும் வழியும், எந்தக் காற்றுக்கு எந்த நீரோட்டம் என்ற கணக்கும் அவரோடு இருக்கின்றன. இப்படியொரு பயணத்துக்கு வழிகாட்டிகளைப் பழக்க நினைப்பவர்கள் முதலில் போக வேண்டியது தூத்துக்குடியிலும் புன்னைக்காயலிலும் உள்ள அந்தப் பழைய குளியாட்களின் வீடுகளுக்குத்தான். பேரப்பிள்ளைகளையே வழிகாட்டிகளாக்கி, பெரியவர்கள் சொல்வதை அவர்கள் குரலிலேயே பதிவு செய்ய இன்னும் சில ஆண்டுகள்தான் இருக்கின்றன.