தொழுநோயும் சமூக ஒதுக்கலும்: கொல்லிமலையில் பிறந்த மருத்துவரின் பணி

நாமக்கல் மாவட்டம் காளப்பநாயக்கன்பட்டியைக் கடந்து சென்றால் கொல்லிமலை ஏறும் சாலை வரும். அம்மலையில் மருத்துவப் பணியும் கிறித்தவ சமயப் பணியும் செய்துவந்த ஜெஸ்ஸி பிராண்ட், ஈவ்லின் இணையரின் மகன் பால் பிராண்ட். 1914ஆம் ஆண்டு கொல்லிமலையில் பிறந்த இவர், தொழுநோயாளிகளைச் சமூகம் ஒதுக்கியதற்கு அடிப்படையாக இருந்த அச்சத்தையே ஆராய்ந்தார்.

அச்சமும் சட்டமும்

பெருவியாதி, குட்டம் என்று அழைக்கப்பட்ட இந்நோயை முன்வினைப் பயன் என்று மக்கள் நம்பினர். நார்வே மருத்துவர் ஹான்சன் 1873இல் இதற்குக் காரணமான கிருமியைக் கண்டறிந்தார். ஆயினும் 25 ஆண்டுகளுக்குப் பின் வந்த 1898ஆம் ஆண்டுச் சட்டம், பிச்சையெடுத்து வாழும் தொழுநோயாளியைப் பிடியாணை இன்றிக் கைது செய்து காப்பிடத்தில் அடைக்க இடமளித்தது. அறிவிக்கப்பட்ட பகுதிகளில் நோயாளிகள் பொதுக் கிணற்றில் நீர் எடுப்பதையும் உணவுப்பொருள் விற்பதையும் தடை செய்யவும் வழிசெய்தது.

வலி இல்லாத கைகள்

1946இல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்த பிராண்ட், செங்கல்பட்டில் டாக்டர் ராபர்ட் காக்ரேனிடம் சிகிச்சை பெற்ற நோயாளிகளைக் கண்டார். சதை அழுகி விரல்கள் உதிர்கின்றன என்பதே அன்றைய எண்ணம். உண்மை வேறு. நரம்பு பாதிக்கப்படுவதால் உணர்ச்சி மறைகிறது. சூடான பாத்திரம் சுடுவதோ, காலில் முள் தைப்பதோ தெரிவதில்லை. உறக்கத்தில் எலி கடித்தாலும் தெரியாது. அதனால் நோயாளிகளுக்குப் பூனைகள் வழங்கப்பட்டன.

மடங்கிய விரல்களை நிமிர்த்த, நலமான தசையின் தசைநாணை மாற்றிப் பொருத்தும் அறுவை சிகிச்சையைப் பிராண்ட் வளர்த்தெடுத்தார். ஆனால் கை சீரானவர்களுக்கும் ஊரில் வேலை கிடைக்கவில்லை. நோய் பற்றிய அச்சம் ஊராரிடம் அப்படியே இருந்தது. எனவே தொழில் கற்றுத்தரும் நவஜீவ நிலையம் வேலூரில் தொடங்கப்பட்டது.

இன்றைய நிலை

1981இல் உலக சுகாதார நிறுவனம் கூட்டு மருந்துச் சிகிச்சையைப் பரிந்துரைத்தது. 6 முதல் 12 மாதங்களில் நோய் குணமாகும். சட்டம் மாறவோ நெடுங்காலம் ஆனது. 1898ஆம் ஆண்டுச் சட்டம் 2016இல்தான் நீக்கப்பட்டது. தொழுநோயைக் காட்டி மணமுறிவு கோரும் வழி 2019இல்தான் அடைக்கப்பட்டது.

ஊர் என்ன சொல்லுமோ என்று அஞ்சி உணர்ச்சியற்ற தேமலை மறைப்பவர், காலத்தில் கிடைக்க வேண்டிய மருந்தை இழக்கிறார். உடனே அரசு ஆரம்ப சுகாதார நிலையத்தில் காட்டினால் ஊனத்தைத் தவிர்க்கலாம், சிகிச்சையும் இலவசம்.