எங்குமில்லா வீடு

எங்குமில்லா வீடு என்பது ஜெர்மன் எழுத்தாளர் மிஷாயேல் எண்டே (1929–1995) தம் ‘மோமோ’ நாவலில் படைத்த கற்பனை உலகம். மனிதர் எல்லாருக்குமான காலம் இங்கிருந்தே புறப்படுகிறது. இங்கே அது கண்ணுக்குப் பூவாகத் தெரிகிறது, காதுக்கு இசையாகக் கேட்கிறது. மாஸ்டர் ஹோரா என்னும் காவலர் அவரவருக்கு உரிய நேரத்தை இங்கிருந்து பங்கிட்டு அனுப்புகிறார். 1973-இல் ஸ்டுட்கார்ட்டின் தீனமன் பதிப்பகம் வெளியிட்ட இந்நாவல், 1974-இல் ஜெர்மன் இளையோர் இலக்கியப் பரிசைப் பெற்றது. 40-க்கும் மேற்பட்ட மொழிகளில் பெயர்க்கப்பட்டுள்ளது.

தோற்றம்

எண்டேயின் தந்தை எட்கர் எண்டே மிகை எதார்த்தவாத ஓவியர். நாஜி ஆட்சி 1936-இல் அவர் ஓவியங்களுக்குத் தடை விதித்தது. கண்ணுக்குப் புலப்படாதவற்றுக்கு உருவம் கொடுத்த அந்த ஓவியங்களுக்கு நடுவேதான் மகன் வளர்ந்தார். 1960-இல் வெளியான ‘ஜிம் நாப்’ கதை அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது. ஆனால் அக்கால ஜெர்மன் விமர்சகர் பலர், குழந்தை இலக்கியம் சமூக நடப்பைப் பேச வேண்டும் என்று வற்புறுத்தினர்; கற்பனைக் கதைகளை வாழ்க்கையிலிருந்து தப்பி ஓடும் எழுத்து என்று ஒதுக்கினர். இந்தச் சூழலில் மனம் சலித்த எண்டே, 1970-களின் தொடக்கத்தில், நடிகையான மனைவி இங்கெபோர்க் ஹோஃப்மனுடன் ரோம் நகரை அடுத்த ஜென்சானோவில் குடியேறினார். ‘மோமோ’ அங்கேதான் நிறைவுற்றது. இடிந்த வட்டரங்கமும் பெப்போ, நீனோ, நிக்கோலா என்ற பெயர்களும் நாவலுக்குள் வந்தது அந்த இத்தாலிய வாழ்வின் பயன். நூலுக்கான படங்களையும் எண்டேயே வரைந்தார்.

ஐரோப்பிய ஓவிய மரபு காலத்தைக் கிழவனாகக் காட்டி வந்தது. ஒரு கையில் அரிவாள், மறு கையில் மணற்கடிகை, முதுகில் இறக்கைகள். பார்ப்பவருக்கு அது சாவை நினைவூட்டும். எண்டே அந்த உருவத்தைக் கைவிட்டுக் காலத்தை மலரச் செய்தார்.

அமைப்பு

வட்டரங்க இடிபாடுகளில் தனியே வாழும் சிறுமி மோமோவை, கசியோபேயா என்ற ஆமை இவ்வீட்டுக்கு அழைத்துச் செல்கிறது. அரை மணி நேரத்துக்குப் பின் நடப்பதை முன்கூட்டியே அறியும் ஆமை அது. சொல்ல நினைப்பது அதன் ஓட்டில் எழுத்தாக ஒளிரும். வழியில் வெண்ணிற வீடுகள் நிறைந்த ஒரு பகுதி வருகிறது. அங்கே மெதுவாக நடப்பவர் விரைவாக முன்னேறுவார். விரைபவர் நின்ற இடத்திலேயே நிற்பார். அதைக் கடந்தால் வருவது என்றுமில்லாத் தெரு. அங்கே காலம் எதிர்த்து ஓடிவருவதால், முதுகைக் காட்டிப் பின்னோக்கி நடந்தால்தான் வீட்டை அடைய முடியும்.

உள்ளே எண்ணற்ற கடிகாரங்கள். ஹோரா சில நேரம் முதியவராகவும் சில நேரம் இளைஞராகவும் தோன்றுகிறார். அவர் மோமோவைத் தூக்கிச் செல்லும் இடமே காலத்தின் ஊற்று. பொன்னிறக் கூரை வளைவின் உச்சியில் வட்டத் திறப்பு. அதன் வழியே ஓர் ஒளித்தூண், கீழே கரிய நீருள்ள குளத்தின் மீது இறங்குகிறது. நீருக்கு மேலே பெரியதோர் விண்மீன் ஊசல் ஆடுகிறது. ஊசல் கரையை நெருங்கும்போது அங்கே ஒரு நேரப்பூ நீரிலிருந்து எழுந்து விரியும். ஊசல் விலகியதும் அதன் இதழ்கள் ஒவ்வொன்றாக உதிர்ந்து நீருக்குள் மறையும். எதிர்க்கரையில் அடுத்தது பூக்கும். ஒரு பூவைப் போல் மறு பூ இராது. ஒவ்வொன்றும் முந்தையதைவிட அழகாகத் தோன்றும். இவை எல்லா மனிதரின் காலமா என்று மோமோ கேட்கிறாள். அவள் கண்டது அவளுடைய இதயத்தின் காலத்தை மட்டுமே என்று ஹோரா விளக்குகிறார்.

அந்த வீட்டில் மோமோ கழித்தது ஒரு நாள். வெளியே ஓர் ஆண்டு கடந்துவிடுகிறது.

காலத் திருட்டு

இந்தப் பூக்களைக் கவர்ந்தே சாம்பல்நிற மனிதர்கள் உயிர் வாழ்கிறார்கள். காலச் சேமிப்பு வங்கியின் முகவர்கள் என்று சொல்லிக்கொண்டு வீடுவீடாக, கடைகடையாக நுழைகிறார்கள். நாவிதர் ஃபூசியின் கடையில் அவர்களது வேலையை எண்டே விரிவாகக் காட்டுகிறார். ஃபூசிக்கு வயது 42. அதாவது 132,45,12,000 வினாடிகள். தூக்கம், வேலை, சாப்பாடு, காது கேளாத தாயோடு பேசும் நேரம், வளர்ப்புக் கிளி, சக்கர நாற்காலியில் இருக்கும் தாரியாவுக்குத் தினம் ஒரு பூ கொண்டுபோய்க் கொடுப்பது என எல்லாவற்றையும் முகவர் கழிக்கிறார். கடைசியில் மிஞ்சுவது பூஜ்யம். மிரண்டுபோன ஃபூசி, அன்புக்குரிய வேலைகளை ஒவ்வொன்றாக நிறுத்துகிறார். மிச்சம் பிடித்த நேரம் மட்டும் அவர் கைக்கு வருவதே இல்லை.

திருடிய பூக்களைச் சாம்பல்நிற மனிதர்கள் நிலவறையில் உறையவைக்கிறார்கள். இதழ்களை உலர்த்திச் சுருட்டாக்கிப் புகைக்கிறார்கள். சுருட்டு இல்லையேல் அடுத்த கணமே மறைந்துபோவார்கள். இறுதியில் ஹோரா உறங்க, உலகில் காலம் நின்றுவிடுகிறது. கையிலிருக்கும் ஒற்றைப் பூ தரும் ஒரு மணி நேரத்துக்குள் மோமோ நிலவறையைப் பூட்டித் திருடர்களைத் தோற்கடிக்கிறாள். உறைந்த பூக்கள் உருகிப் புயலாகக் கிளம்பி, உரியவர்களின் இதயங்களுக்குத் திரும்புகின்றன.

பொருள் விளக்கங்கள்

நுகர்வுச் சமூகத்தின் அவசரத்தைக் கண்டிக்கும் கதையாகவே இது பரவலாக வாசிக்கப்படுகிறது. 1986-இல் பொருளியலாளர் வெர்னர் ஓங்கன், பணம் பற்றிய ஒரு கொள்கையோடு நாவலை இணைக்கும் வேறொரு தடத்தைக் காட்டினார். பண்டங்களைப் போலப் பணமும் நாள்பட மதிப்பிழக்க வேண்டும் என்றவர் சில்வியோ கெசெல் (1862–1930). தேக்கி வைத்தவருக்கு ஆதாயம் கிடைக்கக் கூடாது என்பது அவர் கொள்கை. மூப்படையும் பணம் என்ற அந்தச் சிந்தனை நாவலின் பின்னணியில் இருப்பதை எண்டே ஒப்புக்கொண்டார். இதை ஏற்றால் பூவின் பொருத்தம் இன்னும் தெளிவாகிறது. வாடும் இயல்புடையது பூ. அதை வாடாமல் தேக்க முயன்றவர்களின் கையில் அது உறைந்த சரக்காயிற்று.

பிற வடிவங்கள்

1978-இல் மார்க் லோத்தர் இசையமைத்த ஆபெரா கோபுர்க் நகரில் அரங்கேறியது. 1986-இல் யோஹன்னஸ் ஷாஃப் இயக்கிய திரைப்படத்தில் ராடோஸ்ட் போக்கெல் மோமோவாகவும், ஜான் ஹூஸ்டன் ஹோராவாகவும் நடித்தனர். கதையைக் கேட்கும் ரயில் பயணியாக எண்டேயே தோன்றினார். 2001-இல் என்ஸோ தாலோ இயக்கிய இத்தாலிய அசைபடமும், 2025-இல் மார்ட்டின் ஃப்ரீமன் ஹோராவாக நடித்த புதிய திரைப்படமும் வந்தன.

மதிப்பீடு

காலத்துக்கு உருவம் தந்த கற்பனை உலகங்களில் எங்குமில்லா வீட்டுக்குத் தனி இடம் உண்டு. காலம் போய்விடுகிறதே என்ற அச்சத்தை இது வளர்ப்பதில்லை. பூ உதிர்வது இங்கே இழப்பாகாது. உதிராமல் பிடித்து வைப்பதே கேடு. குழந்தைக்கும் புரியும் படிமத்தில் இவ்வளவு கனமான கருத்தைச் சொன்னது எண்டேயின் பெரும் சாதனை. ‘மோமோ’வைக் கையில் எடுப்பவர்கள், குளமும் ஊசலும் வரும் 12-ஆம் அத்தியாயத்தையாவது அவசரமின்றிப் படிக்க வேண்டும். நாவலின் மொத்த வாதமும் அதற்குள்தான் இருக்கிறது.