இஞ்சாருங்கோ

யாழ்ப்பாணத்துப் பண்டத்தரிப்பில் பழைய தலைமுறைப் பெண்கள் புருசன் பேரைச் சொல்லிக் கூப்பிடமாட்டார்கள். அடுப்படியிலிருந்து வேலியடிக்குப் போகும் குரல் இப்படித்தான் இருக்கும்: “இஞ்சாருங்கோ, தேத்தண்ணி ஆறுது.”

பிரித்தால் ‘இங்கே பாருங்கோ’. இகரத்தை அடுத்து வரும் ‘ங்கே’ யாழ்ப்பாணத்து வாயில் ‘ஞ்சை’ ஆகிவிடும். அகரத்தை அடுத்து வந்தால் ஆகாது. அதனால் ‘இஞ்சை’ உண்டு, அங்கே என்பதற்கு ‘அங்கை’தான். பிறகு ‘இஞ்சை பாருங்கோ’வில் பகரம் விழுந்து இரண்டு சொல்லும் ஒட்டிக்கொண்டன. பகரத்தோடு பொருளும் போய்விட்டது. இதைக் கேட்டு யாரும் எதையும் பார்ப்பதில்லை, “ஓம், சொல்லும்” என்பார்கள்.

கணவன் கூப்பிட்டால் ‘இஞ்சாரும்’. அந்த ‘-உம்’ முடிவுக்குள் இருப்பது ‘நீர்’. தமிழ்நாட்டுப் பேச்சில் பெரும்பாலும் வழக்கொழிந்த இந்த ‘நீர்’, யாழ்ப்பாணத்தில் ‘நீ’க்கும் ‘நீங்களு’க்கும் நடுவே இன்னும் உயிரோடிருக்கிறது. காதலிக்கத் தொடங்கியவர்களுக்கு ‘நீ’ அவசரம், ‘நீங்கள்’ தூரம். ‘நீர்’ அளவாகப் பொருந்தும். மலையாளத்தில் இந்த நடுப்படியில் நிற்பது ‘தான்’. நமக்குத் தன்னைச் சுட்டும் சொல், அங்கே எதிரே இருப்பவரைச் சுட்டுகிறது. காதலர் பேச்சில் தாராளமாகப் புழங்குகிறது. மலையாள மனைவிமார் கணவனை ‘சேட்டா’ என்பார்கள், மூத்த சகோதரனுக்குரிய சொல் அது. அதுவும் வேண்டாமென்றால் ‘அதேய்’ என்று இழுப்பார்கள். ஆமாம் என்று பொருள்படும் ‘அதே’ அங்கே விளியாகிவிட்டது. யாழ்ப்பாணத்து ‘மெய்யே’யும் அந்த வழிதான்: உண்மையா என்று கேட்ட சொல், ஆளைக் கூப்பிடும் சொல்லாயிற்று.

இதையெல்லாம் அழகு என்று மட்டும் கொண்டாட எனக்கு மனமில்லை. அவள் ‘-உங்கோ’ என்கிறாள், அவன் ‘-உம்’ என்கிறான். வீட்டுக்குள் யார் ஒரு படி மேலே என்பது விகுதியிலேயே எழுதப்பட்டிருக்கிறது. ஆனால் குரல் அந்தப் படியைப் பல தடவை தாண்டிவிடும். ‘கோ’ நீண்டால் ஏதோ அலுவல் ஆகவேண்டும். வெட்டென்று நின்றால் இரவைக்குச் சண்டை. குரல் மட்டுமே போதும் என்பதற்கு மலையாள எழுத்தாளர் பஷீரின் ‘மதிலுகள்’ சாட்சி: அந்தக் கதையில் சிறைச்சுவருக்கு அப்பால் இருக்கும் நாராயணியை நாயகன் காண்பதேயில்லை. காதல் முழுக்கக் குரலில் நடக்கிறது. அடூர் கோபாலகிருஷ்ணன் அதைப் படமாக்கியபோது நாராயணிக்கு முகமே இல்லை, கே.பி.ஏ.சி. லலிதாவின் குரல் மட்டும்தான்.

சொல்லை ஏட்டில் ஏற்றும் வேலை பழையது. அமெரிக்க மிஷன் 1820இலேயே பண்டத்தரிப்பில் கால் ஊன்றியது. அந்த மிஷனைச் சேர்ந்த வின்சிலோவின் பேரகராதி 1862இல் வந்தது. பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை 1940இல் ‘நானாடகம்’ வெளியிட்டு, யாழ்ப்பாணத்து வீட்டுப் பேச்சை அச்சுக்குக் கொண்டுவந்தார். சொல் ஏட்டில் ஏறினாலும் இழுப்பும் வெட்டும் ஏறுவதில்லை. இளம் தம்பதிகள் இப்போது பேர் சொல்லியே கூப்பிடுகிறார்கள், அது நல்லதுதான். வீட்டில் அம்மம்மா இருந்தால், அவரிடம் கேட்டுக்கொண்டு, அம்மப்பாவை அவர் கூப்பிடுவதைக் கைபேசியில் பதிந்து வையுங்கள்.