சிரங்குப் பூச்சியும் தோல் மருத்துவமும்

மனித உடலின் உறுப்புகளுள் முழுதும் கண்ணுக்குப் புலப்படுவது தோல் ஒன்றே. நெஞ்சையும் ஈரலையும் காண உடலை அறுத்தல் வேண்டும். தோலைக் காணக் கண் இருந்தாற் போதும். ஆயினும் மேலைநாட்டு மருத்துவத்தில் தோல்நோய்க்கெனத் தனித்துறை ஒன்று நிலைபெற்றது 19-ஆம் நூற்றாண்டிலேதான். இவ்வளவு காலம் அது பிந்தியது தோலைப் பார்க்க இயலாமையால் அன்று. பார்க்க வேண்டியதில்லை என்று அறிஞர் எண்ணியமையால் என்க.

கிரேக்கர் வகுத்த மருத்துவத்தின்படி உடலில் குருதி, கோழை, மஞ்சட்பித்தம், கரும்பித்தம் என நான்கு நீர்கள் உள்ளன. இவை ஒன்றையொன்று மிஞ்சும்போது நோய் உண்டாகும். மிகுந்த நீரை உடல் வெளியே தள்ளும் வாயிலே தோல். எனவே தோலில் தோன்றும் புண்ணும் கொப்புளமும் நோயல்ல. உள்ளிருக்கும் நோயின் கழிவு. உடற்சூடு வெளியே வருகிறது என்று நம் வீட்டுப் பாட்டிமார் சொல்வதும் ஏறக்குறைய இத்தகையதே. இத்தாலிய மருத்துவர் மெர்க்கூரியாலே 1572-இல் வெளியிட்ட நூல், தோல்நோய்களுக்கெனத் தனியே எழுந்த முதல் நூல் எனப் போற்றப்படுவது. அதன் தலைப்போ தோல்நோய்களையும் மனித உடலின் கழிவுகள் அனைத்தையும் ஒருங்கே சேர்த்துக் கூறுகின்றது. தோலும் கழிவும் அக்காலத்தார் எண்ணத்தில் எவ்வாறு பிணைந்து கிடந்தன என்பதற்கு வேறு சான்று வேண்டா.

இக்கொள்கை ஏட்டளவில் நின்றிருந்தால் கேடில்லை. புண்ணை மருந்து பூசி ஆற்றிவிட்டால் நஞ்சு உள்ளே திரும்பிச் சென்று ஈரலையோ மூளையையோ தாக்கும் என்ற அச்சம் அதிலிருந்து பிறந்தது. ஆகவே விரலிடுக்கிலும் மணிக்கட்டிலும் தோன்றி, இரவெல்லாம் உறக்கத்தைக் கெடுக்கும் சொறிசிரங்கிற்குக்கூடக் குருதியை வடித்தார்கள், பேதிக்குக் கொடுத்தார்கள், பத்தியம் வைத்தார்கள். ஏழை நோயாளி வாரக்கணக்கில் மெலிந்தான். சிரங்கு மட்டும் மெலியவில்லை.

இந்தச் சிரங்கின் வரலாறே தோல் மருத்துவத்தின் வரலாற்றுக்குத் திறவுகோல். சிரங்கு கண்ட இடத்தில் நுண்ணிய பூச்சி ஒன்று வாழ்கிறது என்பது புதிய செய்தியன்று. 12-ஆம் நூற்றாண்டில் ஸ்பெயின் நாட்டில் வாழ்ந்த அரபு மருத்துவர் இபுனு சுஹ்ர், தோலினடியில் வாழும் மிகச்சிறிய உயிரைப் பற்றி எழுதியுள்ளார். ஏட்டில் இல்லாவிடினும் எளிய மக்களின் கையில் இவ்வறிவு இருந்தது. ஊசி முனையால் பிள்ளைகளின் கையிலிருந்து அப்பூச்சியைக் குத்தியெடுப்பது மத்தியதரைக் கடலோரத்துப் பெண்களுக்குப் பழகிய வேலை.

இத்தாலியின் லிவோர்னோ துறைமுகத்தில் பொனோமோ என்னும் மருத்துவரும் செஸ்டோனி என்னும் மருந்துக்கடைக்காரரும் இந்த ஊசி வேலையைக் கேலி செய்யாமல் உற்று நோக்கினர். எடுத்த பூச்சியைப் பூதக்கண்ணாடியில் வைத்துப் படம் வரைந்தனர். அது முட்டையிடுவதையும் கண்டனர். 1687-ஆம் ஆண்டு ஜூலையில், புகழ்பெற்ற இயற்கையறிஞர் பிரான்செஸ்கோ ரெடிக்கு எழுதிய மடலில் தம் முடிபை வெளியிட்டனர். சிரங்குக்குக் காரணம் உடல்நீர் அன்று, இப்பூச்சியே. ஆடை, துண்டு முதலியவற்றால் அது ஒருவரிடமிருந்து ஒருவருக்குத் தொற்றும். உள்ளே கொடுக்கும் மருந்தால் பயனில்லை, மேலே பூசுவதே மருந்து. குறிப்பிட்ட ஓர் உயிரி குறிப்பிட்ட ஒரு நோயை உண்டாக்கும் என்று தெளிவாக நாட்டிய முதல் எழுத்துகளுள் இம்மடலும் ஒன்று. பாஸ்டர் பிறப்பதற்கு 135 ஆண்டுகள் முன்னர் இது எழுதப்பட்டது என்பதை எண்ணிப் பார்த்தல் தகும்.

அறிஞருலகம் அதனை ஏற்கவில்லை. போப்பாண்டவரின் மருத்துவரான லான்சீசி, உடல்நீர்க் கொள்கையை விடாது மறுத்தார். 1703-இல் அம்மடலின் சுருக்கம் ஆங்கிலத்திலும் வந்தது. படித்தவர் பலர், நம்பியவர் சிலர்.

இதற்கிடையே இலண்டனில் வேறொரு பணி தொடங்கியது. தமிழாசிரியர்கள் சற்று நின்று நோக்கத்தக்க பணி அது; ஏனெனில் அது முதற்கண் சொல்லைப் பற்றியது. கேரி தெருவிலிருந்த ஏழையர் மருந்தகத்தில் 1783 முதல் பணியாற்றிய இராபர்ட் வில்லன், தோல்நோய்ப் பெயர்கள் குழம்பிக் கிடந்தமை கண்டு வருந்தினார். கிரேக்கர் ஒரு பொருளில் வழங்கிய சொல்லை இலத்தீனார் வேறு பொருளில் வழங்கினர். அரபு நூல்களை மொழிபெயர்த்தோர் மூன்றாவதொரு பொருளைப் புகுத்தினர். சொறி, சிரங்கு, கரப்பான், படை என்னும் சொற்களை ஊருக்கொரு பொருளில் நம்மவர் வழங்குவதை ஒத்த நிலை. வில்லன் பழைய நூல்களைத் துருவி ஒவ்வொரு சொல்லின் பொருளையும் ஆராய்ந்தார். பின்னர், நோயின் காரணம் யாது என்ற ஊகத்தை ஒதுக்கிவிட்டு, கண்ணுக்குத் தெரியும் அடிப்படை வடிவத்தை மட்டும் கொண்டு எட்டு வகுப்புகளை அமைத்தார். பரு, செதில், செந்தடிப்பு, பெருங்கொப்புளம், சீழ்க்கொப்புளம், நீர்க்கொப்புளம், முடிச்சு, மறு என்பன அவை. 1790-இல் இலண்டன் மருத்துவச் சங்கம் இதற்காக அவருக்குப் பொற்பதக்கம் வழங்கியது. 1798 முதல் 1808 வரை வண்ணப் படங்களோடு அவர் நூல் பகுதி பகுதியாக வெளிவந்தது. நூல் முற்றுப்பெறுமுன்னரே 1812-இல் அவர் மறைய, மாணவர் பேட்மன் அப்பணியை முடித்தார். வில்லனின் வகுப்புமுறையில் குறைகள் உண்டு. ஆயினும் இன்றும் தோல் மருத்துவர் ஒரு நோயாளியைப் பார்த்தவுடன் பருவா, செதிலா, கொப்புளமா என்றே முதலில் வினவிக்கொள்கிறார், அவ்வினா வில்லனுடையது.

இலண்டன் சொல்லைத் தந்தது. பாரிசு இடத்தைத் தந்தது. கொள்ளைநோய் கண்டவர்களை ஒதுக்கி வைக்க, நான்காம் ஹென்றி மன்னன் ஆணைப்படி 1607-இல் கட்டத் தொடங்கிய செயின்ட் லூயி மருத்துவமனை, 1801-இல் தோல்நோயாளருக்கென ஒதுக்கப்பட்டது. ஒரே கூரையின்கீழ் நூற்றுக்கணக்கான தோல்நோயாளரை ஒப்பிட்டுக் காணும் வாய்ப்பு மருத்துவருக்கு வாய்த்தது அங்கேதான். அங்கு அமர்த்தப்பெற்ற அலிபேர், நாவன்மை மிக்கவர். முற்றத்து மரநிழலில் நோயாளரை நிறுத்தி அவர் ஆற்றிய சொற்பொழிவுகளைக் கேட்க மருத்துவரல்லாதாரும் திரண்டனர். 1829-இல் தோல்நோய்களையெல்லாம் கிளைகளாக வரைந்து ஒரு மரமாகவே காட்டினார். மரம் அழகாகத்தான் இருந்தது. பயன் தந்தது வில்லனின் முறையே. அலிபேரின் மாணவர் பியே இலண்டன் சென்று அம்முறையைக் கற்றுவந்து, அதே மருத்துவமனையில் அதனை நிலைநாட்டினார்.

சிரங்குப் பூச்சியைப் பற்றிய பெருவழக்கு நடந்ததும் இம்மருத்துவமனையிலேதான். அங்கே மருந்தாளராயிருந்த கலேஸ் என்பார் 1812-இல் தம் பட்ட ஆய்வுரையில், சிரங்கின் கொப்புளங்களிலிருந்து பூச்சிகள் பலவற்றை எடுத்ததாகக் கூறிப் படமும் வெளியிட்டார். பிறர் தேடினர், ஒன்றும் அகப்படவில்லை. 1829-இல் இராஸ்பாய் என்னும் அறிஞர், கலேஸ் காட்டிய படம் பாலாடைக் கட்டியில் நெளியும் பூச்சியின் படம் என்று மெய்ப்பித்தார். கலேஸ் ஏமாற்றினாரோ, தாமே ஏமாந்தாரோ, உறுதியாகச் சொல்வதற்கில்லை. விளைவு மட்டும் தெளிவு: பூச்சி என்பதே பொய் என்று பாரிசு மருத்துவர் பலர் முடிவு கட்டினர். பூச்சியைக் காட்டுவோர்க்கு 300 பிராங்கு தருவதாக லூகோல் என்னும் மருத்துவர் அறைகூவல் விடுத்தார். 1828-இல் ஓமியோபதி முறையின் தந்தை ஹானிமன், நாட்பட்ட நோய்களுள் பெரும்பாலானவை சொறியின் நஞ்சினின்றே பிறப்பன என்று எழுதியிருந்தமையையும் இங்கு நினைத்தல் வேண்டும். பழங்கொள்கை சாகவில்லை, புத்துயிர் பெற்றுக்கொண்டிருந்தது.

1834 ஆகஸ்டில் ரெனூச்சி என்னும் மாணவர் அலிபேரின் மருத்துவக் கூடத்தில், ஒரு பெண்ணின் கையிலிருந்து ஊசியால் பூச்சியை எடுத்துக் காட்டினார். அவர் கார்சிகா தீவினர். தம் ஊர்ப் பெண்கள் அவ்வாறு எடுப்பதைச் சிறுவயதிலேயே கண்டிருந்தார். அவர் செய்த புதுமை ஒன்றே: பூச்சியைக் கொப்புளத்தில் தேடாமல், அதன் அருகே தோலில் ஓடும் மெல்லிய வளையின் முடிவில் தேடினார். பெண்பூச்சி தோலின் மேலடுக்கைக் குடைந்து வளையமைத்து அதில் முட்டையிடும். கொப்புளமும் அரிப்பும் அதற்கு உடல் காட்டும் எதிர்ப்பு. மருத்துவர்கள் விளைவைத் தோண்டினர். கார்சிகாப் பெண்கள் காரணத்தைத் தோண்டினர்.

காட்டியபின்னும் ஒரு வினா எஞ்சியது. பூச்சி இருக்கலாம்; அதுவே காரணமா, அல்லது கெட்ட நீரில் பிறந்த விளைவா? இதற்கு விடை கண்டவர் வியன்னாவின் பெர்டினாண்டு ஹெப்ரா. 1841-இல் பட்டம் பெற்று, நெஞ்சுநோய் வல்லுநர் ஸ்கோடாவின் பகுதியில் உதவியாளராகச் சேர்ந்தார். அப்பகுதியோடு ஒட்டியிருந்தது, யாரும் விரும்பாத சிரங்கு நோயாளர் அறை. இளையவர் என்பதால் அது ஹெப்ராவின் தலையில் விழுந்தது. அவர் பூச்சியைத் தம் உடலிலேயே விட்டுச் சிரங்கை வருவித்துக் கொண்டார். நலமுள்ளவர்க்கும் பூச்சி சேர்ந்தால் சிரங்கு வரும். பூச்சியைக் கொன்றால் சிரங்கு தீரும். எந்த நஞ்சும் உள்ளே திரும்பிச் செல்வதில்லை. 1844-இல் அவர் இதனை வெளியிட்டபோது, வாரக்கணக்கான பேதியும் பத்தியமும் பொருளற்றுப் போயின. கந்தகக் களிம்பு போதுமானதாயிற்று.

அடுத்த ஆண்டே தோல்நோய்களை உடற்கூற்று மாற்றங்களின் அடிப்படையில் 12 வகுப்புகளாக்கினார். 1849-இல் பேராசிரியரானார். வில்லன் விட்டுச்சென்ற ஒரு சொற்குழப்பத்தையும் அவர் தீர்த்தார். செதில் உதிரும் சொரியாசிஸ் நோயின் ஒரு வகையை வில்லன் ‘லெப்ரா’ என்று குறித்திருந்தார். அதே சொல் தொழுநோய்க்கும் வழங்கியது. தொற்றாத நோயுடையவன்மேல் தொழுநோயாளி என்னும் பழி படிவதற்கு ஒரு சொல் போதுமன்றோ? ஹெப்ரா அச்சொல்லை நீக்கிச் சொரியாசிஸ் என்னும் பெயரை மட்டும் நிறுத்தினார். தாய்மாரைக் கொன்ற பிரசவக் காய்ச்சலைக் கைகழுவுதலால் தடுக்கலாம் என்ற செம்மல்வைசின் கண்டுபிடிப்பை 1847-இல் முதலில் அச்சேற்றியவரும் இவரே என்பது பலர் அறியாதது.

ஹெப்ராவின் மாணவர் சிலர் மறுகோடிக்கும் சென்றனர். தோல்நோய் எல்லாம் தோலளவில் நிற்பதென நினைத்தனர். பிரெஞ்சு மருத்துவர் அதை ஒப்பவில்லை. அவர்பக்கமும் நியாயம் இருந்தது. 1873-இல் நார்வேயின் ஹான்சன் தொழுநோய்க் கிருமியைக் கண்டார். 1905-இல் பெர்லினில் ஷவுடினும், தோல் மருத்துவரான ஹோப்மனும் சிபிலிஸ் என்னும் மேகநோயின் கிருமியைக் கண்டனர். இரண்டும் தோலில் தோன்றி உடலெங்கும் பரவும் நோய்கள். தோல் மருத்துவமும் மேகநோய் மருத்துவமும் பல நாடுகளில் ஒரே துறையாக வளர்ந்தமைக்கு இதுவே காரணம். 1889-இல் தோல் மருத்துவரின் முதல் உலக மாநாடு செயின்ட் லூயி மருத்துவமனையிலேயே கூடியது. அங்கே பரேத்தா என்னும் கைவினைஞர் நோயாளரின் தோலை அச்செடுத்துச் செய்த மெழுகு உருக்கள் காட்சிக்கு வைக்கப்பட்டன. அவர் முன்னர்க் காகிதக்கூழால் பழங்கள் செய்து விற்றவர். இன்று அவ்வருங்காட்சியகத்தில் 4,800-க்கு மேற்பட்ட உருக்கள் உள்ளன.

பாரிசு மருத்துவர் பூச்சியைக் காணத் தவறியதற்கு மற்றுமொரு காரணம் பின்னரே விளங்கியது. இரண்டாம் உலகப்போரின்போது, 1941 முதல் இங்கிலாந்தின் ஷெப்பீல்டில் கென்னத் மெல்லன்பி, படையில் சேர மறுத்த தொண்டர்களைக் கொண்டு சிரங்கை ஆராய்ந்தார். உடலெங்கும் புண்ணாகிய நோயாளியிடத்தும் முதிர்ந்த பெண்பூச்சிகள் சராசரி பதினொன்றே இருந்தன. முதன்முறை தொற்றியவனுக்கு அரிப்புத் தோன்றவே ஒரு மாத காலம் ஆகலாம். அதற்குள் அவன் வீட்டார்க்கும் பரப்பிவிடுகிறான். ஆடையாலும் படுக்கையாலும் பரவுவது அரிது. உடலோடு உடல் நெருங்குவதாலேயே பெரிதும் பரவும் என்றும் அவர் கண்டார். இந்த ஒன்றில் பொனோமோவின் மடல் திருத்தம் பெற்றது.

2017-இல் உலக நலவாழ்வு நிறுவனம் சிரங்கைப் புறக்கணிக்கப்பட்ட வெப்பமண்டல நோய்களின் பட்டியலில் சேர்த்தது. கந்தகத்தின் இடத்தில் இன்று பெர்மெத்ரின் களிம்பும் ஐவர்மெக்டின் மாத்திரையும் வந்துள்ளன. அரிப்பு இல்லாதவரையும் சேர்த்து, வீட்டிலுள்ளோர் அனைவருக்கும் ஒரே நாளில் மருந்து கொடுக்குமாறு மருத்துவர் வற்புறுத்துகின்றனர்.