துண்டும் பந்தும்

1948-49ஆம் ஆண்டுப் பருவத்தில் இங்கிலாந்தின் தொழில்முறை உதைபந்தாட்டத்திற்குப் பார்வையாளர் வருகை நான்கு கோடியைத் தாண்டிற்று. போட்ஸ்மத் கழகம் முதலிடம் பெற்றது. ஆயினும் ஆட்டக்காரரின் வாரக் கூலிக்கு 12 பவுணே உச்ச வரம்பு. ஒப்பந்தம் முடிந்த பின்னரும், கழகம் மாற்றுப் பணம் பெற்று விடுவித்தாலன்றி அவர் பிறிதொரு கழகம் சேர இயலாது.

ஹட்டன் தோட்ட வரலாறு அறிந்தோர்க்கு இது புதிதன்று. துண்டில் குறித்த கடன் தீர்ந்தாலன்றித் தொழிலாளரை மற்றொரு தோட்டம் ஏற்பதில்லை. துண்டு முறை 1921இல் சட்டத்தால் ஒழிந்தது. உதைபந்தாட்டக் கூலி வரம்போ 1961இலேதான் நீங்கிற்று. பிணித்துவைக்கும் முறையை 1963இல் ஈஸ்ற்றம் வழக்கு தகர்த்தது.

குடிமக்களாய் நின்று அவர்கள் போராடினர். அதே பருவத்திலோ, 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் மலையகத் தொழிலாளரிற் பெரும்பாலோரை நாடற்றோராக்கிற்று. துண்டு ஒழிந்தும் கட்டு அவிழவில்லை.