‘ஐ லவ் லூசி’க்கு வெளிச்சம் போட்ட கார்ல் ஃபிரொய்ன்ட்

அமெரிக்கத் தொலைக்காட்சியின் நகைச்சுவைத் தொடர்களில் நடிகர்களோடு சேர்ந்து கூட்டம் சிரிப்பது எமக்குப் பழகிப்போன சத்தம். பார்வையாளரை முன்னால் இருத்தி, மூன்று கமராக்களை ஒரே நேரத்தில் ஓடவிட்டுப் படமாக்கும் முறையை நிலைநிறுத்தியவர், அதற்கு முன் பேய்ப்படங்களால் பெயர்பெற்ற ஓர் ஒளிப்பதிவாளர் என்பது பலருக்குத் தெரியாது. அவர்தான் கார்ல் ஃபிரொய்ன்ட்.

1890இல், இன்று செக் குடியரசில் இருக்கும் பொஹீமியாவில், யூதக் குடும்பமொன்றில் பிறந்தார். சிறுவயதிலேயே பேர்லினுக்கு வந்து, 15 வயதில் படம் ஓட்டும் வேலை பழகினார். முர்னாவ் இயக்கிய ‘த லாஸ்ட் லாஃப்’ (1924) படத்துக்காகக் கமராவைத் தன் நெஞ்சில் கட்டிக்கொண்டு நடந்தார். அதுவரை பெரும்பாலும் முக்காலியில் நின்ற கருவி அது. ஃப்ரிட்ஸ் லாங்கின் ‘மெட்ரோபொலிஸ்’ படத்திலும் அவருடைய கை இருந்தது.

1929இல் அமெரிக்கா போனார். எம்மைப்போல் ஓடிப்போனவர் அல்லர், வேலைக்காகப் போனவர். ஆனால் நாசிகள் ஆட்சிக்கு வந்தபின் ஊர் ஊராக இருக்கவில்லை. 1937இல் ஜேர்மனிக்குத் திரும்பிச் சென்று தன் மகளை அழைத்து வந்தார். அங்கேயே இருந்துவிட்ட முன்னாள் மனைவி ராவன்ஸ்புறூக் முகாமில் அடைக்கப்பட்டு, 1942இல் கொல்லப்பட்டார். மகளைக் கூட்டிவந்த அதே 1937இல் வெளியான ‘த குட் ஏர்த்’ படத்தின் ஒளிப்பதிவுக்குத்தான் அவருக்கு ஒஸ்கார் கிடைத்தது. இந்த இரண்டையும் ஒரே வரியில் எழுதுவது எமக்குச் சங்கடமாகத்தான் இருக்கிறது.

‘டிராகுலா’வை (1931) ஒளிப்பதிவு செய்து, ‘த மம்மி’யை (1932) இயக்கியவர் 60 வயதைத் தாண்டியபின் தொலைக்காட்சிக்கு வந்தது ஹொலிவுட்டில் ஒரு படி இறக்கமாகவே பார்க்கப்பட்டிருக்கும். அழைத்தவர்கள் லூசில் போலும் அவருடைய கணவர் டெசி ஆர்னாஸும். விளம்பரம் தந்த சிகரெட் நிறுவனம் தொடரை நியூயோர்க்கிலிருந்து நேரடியாக ஒளிபரப்பக் கேட்டது. தம்பதியர் கலிபோர்னியாவை விட்டு நகர மறுத்தார்கள். அங்கிருந்து நேரடியாக அனுப்பினால், கிழக்குக் கரை மக்களுக்கு, திரையைப் பார்த்துப் பிரதியெடுத்த மங்கலான படமே கிடைக்கும். ஆகவே 35 மில்லிமீற்றர் பிலிமில் எடுப்பதென்று முடிவானது. லூசிலுக்கோ எதிரே ஆட்கள் இருந்தால்தான் நகைச்சுவை வரும்.

இங்கேதான் சிக்கல். சினிமாவில் ஒவ்வொரு ஷொட்டுக்கும் விளக்குகளை மாற்றி வைப்பார்கள். மூன்று கமராக்கள் சேர்ந்து ஓடினால், முகத்துக்குப் பொருந்தும் வெளிச்சம் முழு அறைக்கும் பொருந்தியாக வேண்டும். ஃபிரொய்ன்ட் விளக்குகளை மேலே தொங்கவிட்டார். தரையில் வயர்கள் இல்லாததால் கமராக்கள் தடையின்றி உருண்டன, பார்வையாளருக்கும் மறைக்கவில்லை. அக்காலத் தொலைக்காட்சிப் பெட்டி கறுப்பை மேலும் கறுப்பாகவும் வெள்ளையை மேலும் வெள்ளையாகவும் காட்டும் என்பதால், செட்டுகளுக்குச் சாம்பல் நிறத்தின் பல சாயல்களைப் பூசவைத்தார். நிழலால் பயமுறுத்தியவர் இப்போது நிழலே விழாமல் பார்த்துக்கொண்டார்.

பல கமராக்களில் பிலிம் ஓடவிட்டவர்கள் அவருக்கு முன்பும் உண்டு. முதல்வர் என்று அவரைச் சொல்வது மிகை. ஆனால் 1951 ஒக்டோபர் 15இல் ‘ஐ லவ் லூசி’ தொடங்கியபின் அதுவே மற்றவர்களுக்கு முன்மாதிரி. ‘பிரெண்ட்ஸ்’ வரைக்கும் அந்த வழிதான்.

கணக்குத் தொழிலில் இருக்கும் எமக்கு இதில் இன்னொன்றும் படுகிறது. பிலிமில் எடுக்கும் செலவுக்காகத் தம்பதியர் தமது சம்பளத்தில் வாரம் 1,000 டொலரை விட்டுக்கொடுத்து, பதிலுக்குப் படச்சுருள்களின் உரிமையைக் கேட்டு வாங்கினார்கள். அன்று எல்லோரும் செலவென்று எழுதியதை அவர்கள் சொத்தென்று எழுதினார்கள். லூசிலின் பிள்ளைப்பேற்றுக் காலத்தில் பழைய பகுதிகள் மறுபடி ஓடின. பின்னர் உரிமையை சீபிஎஸ் பல மில்லியன் டொலருக்கு வாங்கியது. மங்கலான பிரதி மட்டும் இருந்திருந்தால் அந்த விலை வந்திராது. விற்பனையானது ஃபிரொய்ன்ட் வெளிச்சமிட்ட நெகட்டிவ்.

அவர் ‘அவர் மிஸ் புரூக்ஸ்’ தொடரிலும் வேலை செய்தார். 1944இல் தொடங்கிய தனது நிறுவனத்தில் வெளிச்சத்தை அளக்கும் கருவிகள் செய்தார். அவற்றில் ஒன்றுக்கு 1955இல் ஒஸ்கார் அக்கடமியின் தொழில்நுட்ப விருது கிடைத்தது. 1969இல் கலிபோர்னியாவில் காலமானார்.