குடைமிளகாய்க்குள் கறியும் சோறும்: ஒரு வீட்டுச் சமையல் சொல்லும் வரலாறு

மாட்டுக்கறி பற்றிப் பேச ஆரம்பித்தாலே நாம் வேதம், பசு, சட்டம் என்று போய்விடுகிறோம். இந்தக் கட்டுரையில் வேறு வழியாக வருவோம். ஹங்கேரி, செர்பியா, பல்கேரியா, கிரேக்கம், துருக்கி நாடுகளில் வீட்டுக்கு வீடு சமைக்கும் ஓர் எளிய உணவு இருக்கிறது. குடைமிளகாயின் காம்பை வெட்டி, விதையை நீக்கி, உள்ளே கொத்துக்கறியும் அரிசியும் வெங்காயமும் சேர்த்துப் பிசைந்த கலவையை அடைத்து, தக்காளிச் சாறு ஊற்றி ஓவனில் சுடுவார்கள். ஹங்கேரியில் பெரும்பாலும் அடுப்பிலேயே தக்காளிக் குழம்பில் வேகவைப்பார்கள். துருக்கியில் இதற்கு டோல்மா என்று பெயர். ‘நிரப்பியது’ என்பதுதான் அந்தச் சொல்லுக்குப் பொருள்.

இந்த உணவின் அடிப்படை ஒரு கணக்கு. கறி விலை அதிகம், வீட்டில் வாய்கள் அதிகம். கால் கிலோ கறியைத் தனியாகப் பொரித்தால் இரண்டு பேருக்குத்தான் வரும். அதையே அரிசியோடு பிசைந்து மிளகாய்க்குள் அடைத்தால் ஐந்து பேர் சாப்பிடலாம். கறியின் சாறு முழுவதையும் அரிசி உறிஞ்சிக்கொள்ளும், எதுவும் வீணாகாது. கொஞ்சம் கறியில் நிறைய குழம்பு வைக்கும் நம் அம்மாக்களுக்கு இந்தக் கணக்கைச் சொல்லித்தர வேண்டியதில்லை. குடலையும் ரத்தத்தையும் உணவாக்கியதும், மிஞ்சிய கறியை உப்புக்கண்டம் போட்டு வைத்ததும் இதே கணக்குதான்.

அந்தக் குடைமிளகாயும் நம் மிளகாயும் ஒரே குடும்பம். இரண்டும் அமெரிக்கக் கண்டத்துப் பூர்வகுடி மக்கள் ஆயிரக்கணக்கான ஆண்டுகள் பயிரிட்டு வளர்த்தவை. 1492இல் மிளகைத் தேடிக் கிளம்பிய கொலம்பஸ் போய்ச் சேர்ந்தது மிளகாயின் தேசத்துக்கு. அதன்பிறகு போர்ச்சுகீசியக் கப்பல்கள் அதை நம் கடற்கரைக்குக் கொண்டுவந்தன. 16ஆம் நூற்றாண்டின் நடுவில் ஜெர்மானியத் தாவரவியலாளர் லியோன்ஹார்ட் ஃபுக்ஸ் தன் மூலிகை நூலில் மிளகாயைக் ‘கோழிக்கோட்டு மிளகு’ என்று குறிப்பிட்டார். அது இந்தியாவின் செடி என்றே அங்கு நம்பினார்கள். ஹங்கேரியிலோ அதற்குத் ‘துருக்கி மிளகு’ என்று பெயர். ஆட்டோமான் ஆட்சி வழியாக அது அங்கே பரவியிருந்தது.

இனிமேல்தான் வர்க்கம் வருகிறது. ஹங்கேரிப் பிரபுக்கள் முதலில் மிளகாயைத் தோட்டத்து அழகுச் செடியாகத்தான் வைத்திருந்தார்கள். விலை உயர்ந்த கருமிளகை வாங்க முடியாத விவசாயிகளும் மேய்ப்பர்களும்தான் அதை உணவாக்கினார்கள். வெகுகாலம் அது ஏழைகளின் காரம். 19ஆம் நூற்றாண்டில்தான் அது பணக்காரர்களின் மேசைக்குச் சரளமாக ஏறியது.

இன்று ஹங்கேரியின் அடையாளமாக உலகமே சொல்லும் ‘குயாஷ்’ குழம்பின் கதை இன்னும் கூர்மையானது. அந்தச் சொல்லுக்கு மாடு மேய்ப்பவர் என்று பொருள். மேய்ச்சல் நிலத்தில் மாட்டுக்கறியை ஒரே கொப்பரையில் போட்டு அவர்கள் வேகவைத்துச் சாப்பிட்டது அது. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஹாப்ஸ்பர்க் பேரரசர் இரண்டாம் ஜோசப் ஹங்கேரி மீது ஜெர்மன் மொழியைத் திணித்தார். அதை எதிர்த்த உயர்குடிகள், ‘எங்களுடையது’ என்று காட்ட எதையெல்லாம் தேடி எடுத்தார்களோ அதில் இந்த மேய்ப்பர் குழம்பும் ஒன்று. மாட்டுக்கறி தின்ற அடித்தட்டு மனிதரின் உணவு அங்கே தேசத்தின் கொடியானது.

இதைச் சொல்லும்போது ஒன்றை மறைக்கக் கூடாது. உணவைக் கொண்டாடிய அந்த நாடு மனிதர்கள் எல்லோரையும் சமமாக நடத்திவிடவில்லை. ஹங்கேரியில் ரோமா இனக் குழந்தைகளை மனவளர்ச்சி குன்றியவர்களுக்கான பள்ளிகளில் தள்ளியது பாகுபாடு என்று 2013இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தட்டில் இடம் கிடைத்தால் வகுப்பறையிலும் இடம் கிடைத்துவிடும் என்று நாம் ஏமாற வேண்டாம்.

இங்கே என்ன நடந்தது? கடல் கடந்து வந்த மிளகாய் சில நூற்றாண்டுகளில் அக்ரஹாரத்துச் சாம்பாருக்குள்ளும் போய்விட்டது. திவசச் சமையலில் மட்டும் இன்றும் மிளகாயைத் தவிர்த்து மிளகு போடுகிறார்கள். அது அந்நியப் பொருள் என்ற நினைவு அங்கே மட்டும் மிச்சமிருக்கிறது. அந்நிய மிளகாய்க்குக் கதவு திறந்தது. இந்த மண்ணிலேயே பிறந்த மனிதருக்குத் திறக்கவில்லை.

அம்பேத்கர் 1948இல் வெளியிட்ட ‘தீண்டப்படாதார் யார்?’ நூலில் தீண்டாமையின் வேர்களில் ஒன்றாக மாட்டுக்கறி உண்பதைக் காட்டினார். அதே அம்பேத்கர்தான் 1927 மார்ச்சில் மகாட் மாநாட்டில், செத்த மாட்டின் கறியை விட்டுவிடுங்கள் என்று நம் மக்களைக் கேட்டுக்கொண்டார். இரண்டும் முரண் என்று சிலர் வாதிடுவார்கள். முரண் இல்லை. அடுத்தவர் எறிந்ததைத் தின்ன வேண்டிய கட்டாயத்தைத்தான் அவர் மறுக்கச் சொன்னார். சந்தையில் காசு கொடுத்து வாங்கி, தன் வீட்டில் தன் விருப்பப்படி சமைப்பது வேறு.

அந்த உரிமை இன்னும் முழுமையாக வரவில்லை. 2014ஆம் ஆண்டின் மாதிரிப் பதிவு ஆய்வின்படி தமிழ்நாட்டில் 97 சதவீதத்துக்கும் மேற்பட்டோர் அசைவம் உண்பவர்கள். ஆனால் 2022 மே மாதம் ஆம்பூரில் மாவட்ட நிர்வாகம் அறிவித்த பிரியாணித் திருவிழாவில் மாட்டுக்கறி பிரியாணிக்கு இடமில்லை. ஆம்பூரில்! எதிர்ப்பு எழுந்தது. இது பாகுபாடு ஆகாதா என்று மாநில ஆதிதிராவிடர் பழங்குடியினர் ஆணையம் ஆட்சியரிடம் விளக்கம் கேட்டது. மழையைக் காரணம் காட்டி விழா தள்ளிவைக்கப்பட்டது.

பிரச்சினை கறியோடு முடியவில்லை என்பதையும் பார்க்க வேண்டும். 2018இல் திருப்பூர் மாவட்டத்தில் ஓர் அரசுப் பள்ளியில் அருந்ததியர் பெண் சத்துணவு சமைக்கக் கூடாது என்று ஆதிக்கச் சாதியினர் எதிர்த்தார்கள். அவர் கையில் இருந்தது அரசு கொடுத்த அரிசியும் பருப்பும். சமைத்த கைதான் அவர்களுக்குத் தீட்டானது.

கிரேக்கத்தில் வீட்டில் அடுப்பு வசதி இல்லாத காலத்தில், அடைத்த மிளகாய்த் தட்டை ஊர் ரொட்டிக்காரரின் அடுப்புக்குக் கொடுத்தனுப்பிச் சுட்டு வாங்கும் வழக்கம் இருந்தது. பல வீட்டுத் தட்டுகள் ஒரே நெருப்பில். இரட்டைக் குவளை வைத்த நம் ஊர்களில் இப்படி ஒரு பொது அடுப்பை யோசித்துப் பாருங்கள்.

நம் சமையல் புத்தகங்களிலும் குடைமிளகாய் உண்டு. உள்ளே உருளைக்கிழங்கோ பன்னீரோ இருக்கும். நம் வீட்டுச் சமையலை எழுதியவர்கள் மிகக் குறைவு. மராத்தியில் ஷாஹு பாட்டோளே 2015இல் மராத்வாடாவின் மகார், மாங் சமூகங்களின் உணவுகளைத் தொகுத்து ஒரு நூலே எழுதினார். தமிழில் அந்த வேலை நமக்குக் காத்திருக்கிறது. மாணவத் தோழர்கள் பாட்டிகளிடம் கேட்டு இன்றே குறிக்கத் தொடங்கலாம்.

கூடவே இதையும் சமைத்துப் பாருங்கள். ஓவன் தேவையில்லை. கொத்திய மாட்டுக்கறி, ஊறவைத்த அரிசி, வெங்காயம், பூண்டு, மிளகுத்தூள், உப்பு. அரிசி உப்பும் என்பதால் முக்கால் பங்கு மட்டும் அடையுங்கள். கனமான பாத்திரத்தில் நிற்கவைத்து, தக்காளிச் சாறும் தண்ணீரும் பாதி உயரத்துக்கு ஊற்றி, மூடி போட்டு, சிறு தீயில் ஒரு மணி நேரம். கறி வெந்ததா என்று வெட்டிப் பார்த்து இறக்குங்கள். விடுதி நண்பர்கள் எல்லோரையும் கூப்பிடுங்கள். யார் வருகிறார்கள், யார் தயங்குகிறார்கள் என்று கவனியுங்கள். தயங்குபவரிடம் பேச வேண்டிய வரலாறு இப்போது உங்களிடம் இருக்கிறது.